கற்பனை உலகத்துக்கு ஒரு காலக்கலை அமைப்பது எப்படி: அளவையிலிருந்து ஓட்டை அடைப்பது வரை

மிகைக்கற்பனைக் கதை எழுத வருகிறவர்களின் வரைவுகளைச் சில ஆண்டுகளாகப் படித்துக் கருத்துச் சொல்லி வருகிறேன். காலத்தைக் கட்டுப்படுத்தும் வித்தை வருகிற வரைவுகள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் இடறுகின்றன. மூன்றாம் அத்தியாயத்தில் நாயகன் கையை உயர்த்துகிறான், காலம் நிற்கிறது. பத்தாம் அத்தியாயத்தில் அவன் தோழி குத்துப்பட்டு விழுகிறாள். "இப்போது ஏன் நிறுத்தவில்லை?" என்று வாசகர் கேட்கிறார். எழுதியவரிடம் பதில் இல்லை.

சக்தியை முதலில் யோசித்துவிட்டுக் கணக்கைப் பிறகு யோசிப்பதால் வருகிற சிக்கல் இது. கீழே இருக்கும் வரிசை, என் நாவலுக்காக ஒரு காலக்கலையை இரண்டு முறை கலைத்துக் கட்டிய பிறகு எனக்கு நிலைத்தது. படிகளை மாற்றிப் போடாதீர்கள். ஒவ்வொரு படியும் முந்தைய படியில் கிடைத்த விடையை எடுத்துக்கொண்டுதான் நகர்கிறது.

உதாரணமாக என் கதையுலகத்தையே எடுத்துக்கொள்கிறேன். கடலோரத்தில் ஓர் உப்பள ஊர். அங்கே ஒருவருடைய நேரத்தை இன்னொருவர் கடன் வாங்கலாம். அதற்கு "நாழிகைக் கடன்" என்று பெயர்.

தொடங்கும் முன் வேண்டியவை

ஒரு கோடு போட்ட நோட்டு, அல்லது கணினியில் ஒரு எக்செல் தாள். உங்கள் உலகத்தில் ஒரு சாதாரண நாள் எப்படிப் போகும் என்று ஒரு பக்கம் எழுதி வையுங்கள். அதில் வித்தை எதுவும் வேண்டாம். எப்போது எழுகிறார்கள், எத்தனை வேளை சாப்பிடுகிறார்கள், இருட்டியதும் என்ன செய்கிறார்கள் என்பது போதும்.

ஏற்கெனவே எழுதிய சாகசக் காட்சிகள் இருந்தால் எடுத்து ஒரு பக்கம் வைத்துவிடுங்கள். அழிக்க வேண்டாம், கடைசிப் படியில் தேவைப்படும். இப்போது கண்ணெதிரே இருந்தால், விதியை அந்தக் காட்சிக்கு ஏற்ப வளைக்கத்தான் கை போகும்.

1. முதலில் அளவை

வித்தையைத் தொடும் முன், உங்கள் ஊர் மக்கள் காலத்தை எதால் அளக்கிறார்கள் என்று முடிவு செய்யுங்கள். பின்னால் வரும் விலை, கடன், தண்டனை எல்லாவற்றையும் இந்த அலகில்தான் சொல்லப்போகிறீர்கள்.

நமக்குத் தயாராக ஓர் அளவை இருக்கிறது. ஒரு நாளுக்கு 60 நாழிகை, ஒரு நாழிகைக்கு 60 விநாழிகை. இன்றைய கணக்கில் நாழிகை 24 நிமிடம், விநாழிகை 24 விநாடி. பத்து நாழிகை சேர்ந்தால் ஒரு சிறுபொழுது, அதாவது 4 மணி நேரம். நாளுக்கு ஆறு சிறுபொழுது. இதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம், மாற்றியும் கொள்ளலாம். ஆனால் கடிகாரமே இல்லாத உலகத்தில் "ஐந்து நிமிடம் கழித்து" என்று எழுதாதீர்கள். புதியவர்கள் செய்யும் முதல் பிழை இதுதான், பத்து வரைவில் ஏழில் பார்க்கிறேன்.

அளக்கும் கருவியையும் இப்போதே தேர்ந்தெடுங்கள். அடியில் சிறு துளையிட்ட செப்புக் கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டால், துளை வழியாக நீர் ஏறி, குறித்த நேரத்தில் அது மூழ்கும். அதை மறுபடி எடுத்து மிதக்கவிட ஓர் ஆள் வேண்டும். கருவியோடு ஒரு வேலையும் ஒரு பாத்திரமும் உங்களுக்குக் கிடைத்துவிட்டன. என் கதையில் அவர் பெயர் வட்டில்காரர். முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனுக்கு நீர்க்கருவி பார்த்துப் பொழுது சொல்கிறவர்களைப் பொய் சொல்லாதவர்கள் என்றே பாட்டு அடையாளம் காட்டுகிறது. பொய் சொன்னால் என்ன ஆகும் என்ற கேள்வியிலிருந்துதான் என் நாவலின் பாதிக் கதை வந்தது.

இன்னொன்று. தமிழில் காலத்துக்குப் பல சொற்கள் உண்டு, அவற்றைப் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள். பொழுது வானத்தில் தெரிவது. நேரம் அளக்கக் கூடியது. வேளை ஒரு செயலுக்கு உரியது. காலம் நீண்டது. என் உலகத்தில் நேரத்தை மட்டும்தான் கடன் கொடுக்கலாம், பொழுதை யாரும் தொட முடியாது. கடன் கொடுத்தாலும் வாங்கினாலும் சூரியன் தன் போக்கில் போகும். இந்த ஒரு வரையறை எனக்குப் பின்னால் எத்தனையோ சிக்கலைத் தவிர்த்துக் கொடுத்தது.

2. ஒரே ஒரு வினைச்சொல்

உங்கள் கலை காலத்தை என்ன செய்கிறது? வேகப்படுத்துகிறதா, மெதுவாக்குகிறதா, நிறுத்துகிறதா, திருப்புகிறதா, முன்கூட்டிக் காட்டுகிறதா? ஒன்றை எடுங்கள். மற்றவை வேண்டுமென்றால் அந்த ஒன்றின் விளைவாக வர வேண்டும்.

நான் எடுத்தது "கடன் கொடுத்தல்". கொடுப்பவருக்கு நேரம் நிற்கிறது, வாங்குபவருக்கு வேகமாகிறது. நிற்பதும் விரைவதும் ஒரே வினையின் இரண்டு முனைகள்.

திருப்புதலை முதல் கதையில் எடுக்க வேண்டாம் என்று வருகிறவர்களிடம் கண்டிப்பாகவே சொல்கிறேன். திருப்ப முடிந்தால் எந்த இழப்பும் இழப்பாக நிற்காது. எடுத்தே தீருவேன் என்றால் மூன்றில் ஒன்றை இப்போதே எழுதி வையுங்கள்: போனாலும் நடந்தது மாறாது, மாறினால் பழைய வரலாறு அழியும், அல்லது இரண்டாவது வரலாறு தனியாகக் கிளைக்கும். இந்த மூன்றையும் ஒரே கதையில் கலந்து வைத்த ஒரு வரைவை நான் இரண்டு முறை படித்தேன். கடைசியில் யார் உயிரோடு இருக்கிறார் என்பது எனக்குப் புரியவே இல்லை.

3. எல்லை எங்கே முடிகிறது

இந்தப் படியில் நிதானமாக இருங்கள். வித்தை எதைச் சுற்றி வேலை செய்கிறது? ஓர் உடலா, ஓர் அறையா, ஊர் முழுவதுமா? எல்லைக்கு உள்ளே ஒரு வேகம், வெளியே ஒரு வேகம் என்றால், எல்லையைத் தாண்டி வருகிற ஒளி, காற்று, சூடு மூன்றும் என்ன ஆகும்?

இயற்கையிலேயே நேரம் இடத்துக்கு இடம் வேறு வேகத்தில்தான் ஓடுகிறது. ஜிபிஎஸ் செயற்கைக்கோளில் இருக்கும் கடிகாரம் தரையில் இருப்பதைவிட நாளொன்றுக்குச் சுமார் 38 மைக்ரோவிநாடி முந்துகிறது. அந்தச் சிறு இடைவெளிக்குள் ஒளி 11 கிலோமீட்டர் போய்விடும். அதனால் அந்த வேறுபாட்டைக் கணக்கில் எடுத்துத்தான் அந்தக் கடிகாரங்களை ஓட்டுகிறார்கள். உங்கள் கதையில் வேறுபாடு பத்து மடங்கு, நூறு மடங்கு. விளைவும் அதற்கேற்பப் பெரிதாக இருக்க வேண்டும்.

என் கதையில் விரைவறை என்று ஒன்று வருகிறது. வெளியே ஒரு நாழிகை ஆவதற்குள் உள்ளே பத்து நாழிகை ஓடும். அதைப் படிப்படியாகப் பார்ப்போம்.

ஒளி: வெளியிலிருந்து வரும் ஒளியின் அதிர்வு, உள்ளே இருப்பவருக்குப் பத்தில் ஒன்றாகக் குறையும். கண்ணுக்குத் தெரியும் ஒளியின் அலைநீளம் ஏறக்குறைய 400 முதல் 700 நானோமீட்டர். அது 4,000 முதல் 7,000 ஆகிவிட்டால் அகச்சிவப்பு, கண்ணுக்குத் தெரியாது. நண்பகலில் சன்னலைத் திறந்து வைத்தாலும் அறை இருட்டுதான். ஆகவே விளக்கு வேண்டும். உள்ளே எரியும் அந்த விளக்கின் ஒளியோ வெளியே வரும்போது புற ஊதாவாகிவிடும், அதுவும் தெரியாது. அந்தச் சுடரிலிருந்து வரும் வெப்பக்கதிரில் ஒரு பங்குதான் வெளியே இருப்பவர் கண்ணுக்கு வெளிச்சமாகும்.

காற்று: உள்ளே இருப்பவர் வெளிக்கணக்கில் பத்து மடங்கு மூச்சு விடுகிறார், விளக்கு பத்து மடங்கு எண்ணெய் குடிக்கிறது. ஆனால் சன்னல் வழியாக வரும் காற்று வெளியின் வேகத்தில்தான் வரும். உள்ளே மூச்சு முட்டும்.

சூடு: சும்மா உட்கார்ந்திருக்கும் மனித உடல் சுமார் 100 வாட் சூட்டை விடுகிறது. பத்து மடங்கு என்றால் வெளிக்கணக்கில் 1,000 வாட், ஓர் அறைச் சூடேற்றி அளவு. சிறிய அறையில் நெடுநேரம் இருக்க முடியாது.

பசி: பத்து நாள் உள்ளே இருந்தவர் பத்து நாள் சோறு சாப்பிட்டிருக்க வேண்டும். முடி, நகம், தாடி எல்லாம் வளர்ந்திருக்கும். புதியவர்கள் அதிகம் மறப்பது இந்த நகத்தைத்தான்.

இதையெல்லாம் பார்த்துப் பயந்துவிட வேண்டாம். எல்லாவற்றையும் அறிவியல்படி வைக்கச் சொல்லவில்லை. எதை வைத்துக்கொள்கிறோம், எதை விட்டுவிடுகிறோம் என்று தெரிந்தே முடிவு செய்யுங்கள். நான் நான்கையும் வைத்துக்கொண்டேன். விரைவறை இருட்டாக, புழுக்கமாக, எண்ணெய் நாற்றத்தோடு வந்தது. வெளிக்கணக்கில் ஒரு நாழிகைக்கு மேல் யாரும் அதில் தங்க மாட்டார்கள் என்ற வரம்பும் தானாகக் கிடைத்தது. யோசித்து உருவாக்கியிருந்தால் இவ்வளவு பொருத்தமாக வந்திருக்காது.

காலத்தை முழுவதும் நிறுத்துகிறவர்கள் இன்னும் இரண்டைக் கவனிக்க வேண்டும். உலகம் நின்றுவிட்டால் ஒளியும் நின்றுவிடும், நாயகனால் எதையும் பார்க்க முடியாது. காற்று நகராது, அவன் அதற்குள் சிக்கிய ஈ மாதிரிதான். மாறாக, ஒரு பொருளை மட்டும் நிறுத்தினால் எதைப் பொறுத்து அது நிற்கிறது என்று சொல்லுங்கள். பூமி சூரியனைச் சுற்றி விநாடிக்குச் சுமார் 30 கிலோமீட்டர் வேகத்தில் போகிறது. "தரையைப் பொறுத்து நிற்கிறது" என்று ஒரு வரி எழுதி வைத்தால் போதும், ஆனால் அந்த வரி வேண்டும்.

4. விலை

விலையை முதல் படியில் வைத்த அலகிலேயே சொல்லுங்கள். வித்தை செய்தவன் களைத்துப்போனான், மூக்கில் ரத்தம் வந்தது என்பதெல்லாம் விலையாகாது. தூங்கி எழுந்தால் சரியாகிவிடுகிற ஒன்றுக்காக வாசகர் பதற மாட்டார்.

என் கணக்கு இப்படி. விரைவறையில் ஒருவருக்குப் பத்து நாழிகை வேண்டும். அவருடைய சொந்த நாழிகை ஒன்று போக, ஒன்பது குறைகிறது. ஆகவே ஒன்பது பேர் ஆளுக்கொரு நாழிகை கொடுக்கிறார்கள். அந்த ஒரு நாழிகை முழுதும் அவர்கள் கட்டிலில் நின்றுபோய்க் கிடக்கிறார்கள். ஒளி உள்ளே போகாது, வெளியேயும் வராது. பார்க்கிறவர்களுக்கு அந்தக் கட்டில் ஒரு கறுப்புப் பெட்டி.

கொடுத்தவருக்கு ஆயுள் குறையவில்லை. உலகம் அவரை விட்டுவிட்டு முன்னே போய்விட்டது, அதுதான் விலை. ஓர் உப்பளத் தொழிலாளி நாளுக்கு ஒரு சிறுபொழுது கொடுத்தால், பன்னிரண்டு ஆண்டில் இரண்டு ஆண்டு போயிருக்கும். அவருடைய மகன் அவரைவிட இருபத்திரண்டு வயது இளையவனாக இருந்தவன், இப்போது இருபது வயதுதான் இளையவன். இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்த இரவில்தான் என் நாவல் யாரைப் பற்றியது என்பது எனக்குத் தெரிந்தது. அதுவரை விரைவறைக்குள் இருக்கும் எழுத்தரைத்தான் நாயகனாக வைத்திருந்தேன்.

விலையைச் சரிபார்க்க மூன்று கேள்வி. விலையைக் கொடுப்பது யார்? எப்போது கொடுக்கிறார், முன்பா பின்பா? திருப்பித் தர முடியுமா? மூன்றுக்கும் ஒரே வரியில் பதில் வராவிட்டால் அடுத்த படிக்குப் போகாதீர்கள்.

5. கருவி கெடும் விதம்

வித்தை தோற்பதும் அதன் கருவியிலிருந்தே வர வேண்டும். அப்போதுதான் தோல்வி ஆசிரியர் செய்த சதியாகத் தெரியாது.

கணித மேதை பாஸ்கரரின் மகள் லீலாவதியைப் பற்றி வழங்கும் கதை தெரிந்திருக்கும். முகூர்த்தம் பார்க்க வைத்த நீர்க்கிண்ணத்தில் அவள் எட்டிப் பார்த்தபோது ஒரு முத்து விழுந்து துளையை அடைத்துவிட, கிண்ணம் மூழ்கவில்லை, முகூர்த்தம் தவறிப்போனது. ஒரு முத்தை வைத்துக்கொண்டு எவ்வளவு செய்ய முடிகிறது பாருங்கள்.

என் ஊரில் உப்பு இருக்கிறது. உவர்நீரில் மிதந்து காய்ந்த கிண்ணத்தின் துளையில் உப்புப் படியும். துளை குறுகினால் கிண்ணம் தாமதமாக மூழ்கும். ஒரு நாழிகை என்று படுத்தவர் ஒன்றேகால் நாழிகை கிடப்பார். அவருக்கே அது தெரியாது. துளையைத் துடைக்காத வட்டில்காரர் சோம்பேறியா, கூலி வாங்கியவரா?

6. ஊரில் யார் கையில் இருக்கிறது

இந்தக் கலை தெரிந்தவர் ஒருவர் இருந்தாலே ஊரின் சட்டம், கூலி, கல்யாணம் எல்லாம் மாறும். ஒரே கிழவர் மலைக்குகையில் ரகசியமாக வைத்திருந்தார் என்றால் இந்தப் படியைத் தாண்டிவிடலாம், ஆனால் கதையும் அந்தக் குகை அளவுக்குத்தான் இருக்கும்.

வெறும் கடிகார முள்ளை யார் நகர்த்துவது என்பதே எத்தனை பெரிய அதிகாரம் என்று நாம் பார்த்தவர்கள்தான். கிரீன்விச்சுக்குச் சென்னை நேரம் 5 மணி 21 நிமிடம் முன், பம்பாய் நேரம் 4 மணி 51 நிமிடம் முன் என்று ஒரே நாட்டில் ஓடியது உண்டு. இலங்கை அரசு 1996இல் கடிகாரத்தை முன்தள்ளி 2006இல் பழையபடி வைத்தது. இடைப்பட்ட ஆண்டுகளில் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகள் பழைய நேரத்தையே வைத்திருந்தன. சோதனைச்சாவடியைத் தாண்டியவர்கள் அரை மணி நேரத்தையும் தாண்டினார்கள். உங்கள் கதையிலும் எல்லையைக் கடக்கும் ஒருவரை இப்படி நடக்கவிட்டுப் பாருங்கள், ஊரின் அமைப்பு தானாகத் தெரியவரும்.

மூன்று பேரை மனத்தில் நிறுத்தி, "இந்தக் கலையால் உன் பிழைப்பு எப்படி மாறியது?" என்று கேளுங்கள்: மருத்துவச்சி, வட்டிக்காரர், சிறைக்காவலர். அரசரையும் மந்திரவாதியையும் கடைசியில் கேட்டால் போதும்.

7. ஓட்டை தேடுதல்

இப்போது விதிகளை ஒரே பக்கத்தில் எழுதி, சாமர்த்தியமான ஒரு நண்பரிடம் கொடுங்கள். கதையைக் கொடுக்காதீர்கள். "இதை வைத்து நீ எப்படிப் பணம் பண்ணுவாய்?" என்று மட்டும் கேளுங்கள்.

என் நண்பர் முதலில் விவசாயத்துக்குப் போனார். வயலையே விரைவாக்கினால்? அதற்கு என்னிடம் பதில் இருந்தது. பொழுதைத் தொட முடியாது என்று முதல் படியிலேயே வைத்திருந்தேன். பத்து மடங்கு விரைந்த வயலுக்குத் தன் கணக்கில் பத்து நாளுக்கு ஒரு நாள் வெயில்தான் கிடைக்கும், அதுவும் மங்கிய அகச்சிவப்பாக. பயிர் வெளுத்துச் சாகும்.

அப்புறம் அவர் கேட்டார்: "ஆளே இல்லாத அறையில் ஊறுகாய் ஜாடியை வைத்தால் எத்தனை பேர் படுக்க வேண்டும்?" அறையில் இருக்கும் ஆளுக்கு ஒன்பது பேர் என்றுதான் என் விதி இருந்தது. ஆள் இல்லையென்றால் கடனும் இல்லை. ஊரில் உள்ள எல்லா ஊறுகாயும் சாராயமும் இலவசமாக முதிர்ந்துவிடும்!

இந்த மாதிரி ஓட்டைக்கு "முன்னோர் தடை செய்தார்கள்" என்று ஒட்டுப் போடாதீர்கள். தடையை மீறுகிறவன் வருவான், கதை மறுபடி அங்கேயே நிற்கும். அடிப்படை விதியைத் திருத்துங்கள். நான் ஆள் கணக்கைக் கட்டில் கணக்காக மாற்றினேன். கொடுப்பவர் படுத்திருக்கும் இடம் எவ்வளவோ, அவ்வளவு இடம்தான் விரையும். ஒரு கட்டில் அளவு இடத்துக்கு ஒன்பது கட்டில். ஜாடி வைத்தாலும் ஆள் இருந்தாலும் ஒரே கணக்கு. அந்தத் திருத்தத்தோடு விரைவறையும் ஒரு கட்டில் அளவுக்குச் சுருங்கிவிட்டது. எழுத்தர் அதற்குள் முழங்காலை மடக்கி, விளக்கோடு, வியர்த்து வழிய உட்கார்ந்து எழுதுகிறார். முன்பிருந்த விசாலமான அறையைவிட எனக்கு இது நூறு மடங்கு பிடித்திருந்தது.

ஓட்டைகள் வருவது நிற்கும்வரை இந்தப் படியிலேயே இருங்கள். எனக்கு மூன்று வாரம் ஆனது.

8. இரட்டைக் கணக்கு

எழுதத் தொடங்கியதும் தாளில் நான்கு பத்தி போடுங்கள்: காட்சி, வெளி நேரம், அந்தப் பாத்திரத்தின் சொந்த நேரம், அந்தக் காட்சியில் அவர் வயது. வித்தையைத் தொட்ட ஒவ்வொருவருக்கும் தனித் தாள்.

என் முதல் வரைவில் ஒரு பெண் ஐந்து மாதக் கர்ப்பத்தோடு கடன் கொடுக்கப் படுக்கிறாள். அதன் பிறகு நாளுக்கு முப்பது நாழிகை கொடுக்கிறாள், அதாவது பாதி நாள். மீதி நான்கு மாதம் ஊர்க்கணக்கில் எட்டு மாதமாக வர வேண்டும். நான் நான்கு மாதத்திலேயே பிரசவம் வைத்துவிட்டேன். படித்தவர்களில் ஒரு செவிலியர்தான் கண்டுபிடித்துச் சொன்னார். திருத்த ஆறு அத்தியாயங்களைக் கலைக்க வேண்டியிருந்தது. கணக்கைக் காட்சி எழுதிய அன்றே பதியுங்கள், வார இறுதிக்கு என்று தள்ளி வைக்காதீர்கள்.

9. வாசகருக்குச் சொல்லும் வரிசை

நீங்கள் கட்டிய வரிசையில் வாசகருக்குச் சொல்லக் கூடாது. அவருக்கு முதலில் விளைவு தெரியட்டும், பிறகு விலை, அதன் பிறகு விதி.

என் முதல் அத்தியாயத்தில் ஒரு சிறுவன் சாயங்காலம் கூலிக்கொட்டகை வாசலில் அப்பாவுக்காகக் காத்திருக்கிறான். உள்ளே வரிசையாகக் கறுப்புப் பெட்டிகள். கிண்ணம் மூழ்குகிறது, ஒரு பெட்டி கலைந்து அப்பா எழுந்து உட்கார்ந்து, "இப்பத்தானே படுத்தேன், அதற்குள் இருட்டிவிட்டதா?" என்கிறார். அங்கே எந்த விளக்கமும் இல்லை. ஒன்பதுக்கு ஒன்று என்ற கணக்கு மூன்றாம் அத்தியாயத்தில் கூலிச் சண்டையில் வருகிறது, அதுவும் இரண்டே வரியில். விதியைச் சண்டையிலோ பேரத்திலோ வைத்தால் வாசகர் தானாகக் கணக்குப் போடுவார். குரு சீடனுக்குச் சொல்லித் தருகிற காட்சியில் வைத்தால் பக்கத்தைத் தள்ளிவிடுவார்.

விதியை மீறும் காட்சி இருந்தால், அந்த விதி அதற்கு முன் குறைந்தது இரண்டு இடத்தில் வேலை செய்து காட்டியிருக்க வேண்டும்.

10. எடுத்து வைத்த காட்சிகள்

தொடக்கத்தில் ஒதுக்கி வைத்த சாகசக் காட்சிகளை இப்போது எடுங்கள். ஒவ்வொன்றையும் விதிப் பக்கத்தோடு வைத்துப் படியுங்கள். சில காட்சிகள் நிற்காது, அவற்றை விட்டுவிடுங்கள். நிற்கிறவற்றில் யார் படுத்திருந்தார்கள், எத்தனை நாழிகை, கிண்ணத்தை யார் பார்த்துக்கொண்டிருந்தார் என்று ஓரத்தில் பென்சிலால் குறியுங்கள். குறிக்க முடியாத இடம் இருந்தால் நான்காம் படிக்குத் திரும்பிப் போங்கள்.